எடுத்தவர் பார்க்காதது: ஹாருன் ஃபரோக்கியும் காப்பகப் படச்சுருள்களும்



சினிமாவைப் பற்றிப் பேசச் சொல்லி அழைத்தீர்கள். பொருளை என் விருப்பத்துக்கு விட்டுவிட்டீர்கள். ஒரு அடி ஃபிலிம்கூடப் புதிதாக எடுக்காமல் புதிய படம் செய்கிற கலைஞர்களைப் பற்றிப் பேசுவதற்கு இந்த வாய்ப்பைப் பயன்படுத்திக்கொள்கிறேன். செய்திப்படம், அரசாங்கப் பிரச்சாரப் படம், வீட்டு விசேஷங்களில் எடுத்த படம், ராணுவ வேவுப்படம் என்று யாரோ எதற்கோ எடுத்து எங்கோ அடுக்கி வைத்த சுருள்கள்தான் இவர்களுடைய மூலப்பொருள். பிறர் எடுத்ததை வெட்டி ஒட்டுகிறவரை எப்படிப் படைப்பாளி என்று சொல்வது என்ற கேள்வி மாணவர்களிடமிருந்து அடிக்கடி வரும். நியாயமான கேள்விதான். ஜெர்மானியத் திரைப்படக்காரர் ஹாருன் ஃபரோக்கியின் வேலையை முன்வைத்து அதற்குப் பதில் சொல்ல முயல்கிறேன்.

என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கேமரா, அதை இயக்குபவர் நினைத்ததைவிட எப்போதும் அதிகமாகவே பதிவு செய்கிறது. அந்த அதிகப்படியைக் கண்டெடுத்து, அது என்ன என்று நமக்குப் புரியும்படி காட்டுவதுதான் இந்தக் கலைஞர்களின் படைப்பு.

முன்னே சென்றவர்கள்

இந்த வகைப் படத்துக்கு ஒரு வடிவம் கொடுத்தவர் ரஷ்யாவின் எஸ்ஃபிர் ஷூப். புரட்சியின் பத்தாம் ஆண்டான 1927-இல் ‘ரோமானோவ் வம்சத்தின் வீழ்ச்சி’ என்ற படத்தை முழுக்கப் பழைய சுருள்களிலிருந்தே தொகுத்தார். ஜார் மன்னனுக்காக எடுக்கப்பட்ட படங்களும் அவற்றில் இருந்தன. அரச குடும்பத்தின் பெருமையைக் காட்ட எடுத்த காட்சி, அதற்கடுத்து வயலில் முதுகொடிய உழைப்பவர்களின் காட்சியை வைத்தவுடன் குற்றப்பத்திரிகை ஆகிவிட்டது. சுருள் மாறவில்லை. அது நின்ற இடம் மாறியது.

நம்மவர் ஒருவரும் இந்த வரிசையில் இருக்கிறார். செட்டிநாட்டுக் கோட்டையூரில் 1911-இல் பிறந்த ஏ.கே. செட்டியார். டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் நிழற்படக் கலை பயின்றவர். 1937 அக்டோபர் 2, காந்தியின் பிறந்தநாளன்று, நியூயார்க்கிலிருந்து அயர்லாந்துக்குப் போகும் கப்பலில் இருந்தபோது, காந்தியைப் பற்றி ஒரு முழுநீள ஆவணப்படம் எடுக்கும் எண்ணம் அவருக்குத் தோன்றியது. பிறகு கண்டம் கண்டமாக ஒரு லட்சம் மைல் அலைந்து, முப்பது ஆண்டுக் காலத்தில் ஏறத்தாழ நூறு ஒளிப்பதிவாளர்கள் எடுத்திருந்த துண்டுகளிலிருந்து 50,000 அடி திரட்டினார். அதிலிருந்து 12,000 அடிப் படமாக 1940 ஆகஸ்டில் தமிழ் வர்ணனையோடு சென்னையில் வெளியிட்டார். அப்போது அவருக்கு வயது முப்பதுகூட ஆகவில்லை. நாட்டை ஆண்டது வெள்ளை அரசு. இந்தியாவில் ஆவணப்படம் என்று சொல்லிக்கொள்ள அதிகம் இல்லாத காலம் அது.

செட்டியார் செய்தது திரட்டும் வேலை. உலகெங்கும் சிதறிக் கிடந்த ஒரு வாழ்க்கையின் துண்டுகளை ஓரிடத்தில் சேர்த்து, காலவரிசைப்படி கோத்து, மக்கள் முன் வைத்தார். அந்தத் திரட்டல் இல்லாமல் அடுத்த படிக்குப் போக முடியாது. அடுத்த படி, திரட்டியதைத் திரும்பத் திரும்பப் பார்ப்பது. ஃபரோக்கியின் சாதனை அதில்தான் இருக்கிறது.

எடிட்டிங் மேசையில் ஒரு வாழ்நாள்

ஃபரோக்கி 1944 ஜனவரியில் பிறந்தார். இன்று செக் குடியரசில் இருக்கும் நோவி யிச்சின் என்ற ஊர் அன்று ஜெர்மனியின் பிடியில் இருந்தது. தந்தை இந்தியாவிலிருந்து ஜெர்மனிக்குக் குடியேறிய மருத்துவர், தாய் ஜெர்மானியர். சிறு வயதில் சில ஆண்டுகள் இந்தியாவிலும் இந்தோனேசியாவிலும் இருந்துவிட்டுக் குடும்பம் 1958-இல் ஹாம்பர்க் திரும்பியது. 1966-இல் பெர்லின் திரைப்படக் கல்லூரியில் சேர்ந்தார். மாணவர் போராட்டத்தின் உச்சத்தில், 1968-இல், அங்கிருந்து வெளியேற்றப்பட்டார். 1969-இல் நாபாம் குண்டைப் பற்றி எடுத்த ‘அணையாத நெருப்பு’ அவரைக் கவனிக்க வைத்தது. ‘ஃபில்ம்கிரிட்டிக்’ என்ற விமர்சன இதழின் ஆசிரியர்களில் ஒருவராகப் பத்தாண்டு இருந்தார். 2014 ஜூலையில் இறக்கும்போது தொண்ணூறுக்கும் மேற்பட்ட படங்களைச் செய்து முடித்திருந்தார்.

எழுத்தும் படமும் அவரிடம் இரண்டு தொழில்களாக இருக்கவில்லை. எடிட்டிங் மேசையில் ஒரு காட்சியை முன்னும் பின்னும் ஓட்டி, நிறுத்தி, மறுபடி ஓட்டும்போது என்ன புலப்படுகிறது என்பதை எழுதினார்; எழுதியதையே படமாகவும் ஆக்கினார்.

1995-இல் சினிமாவுக்கு நூறு வயது நிறைந்தது. லூமியேர் சகோதரர்கள் 1895-இல் காட்டிய முதல் படங்களில் ஒன்று, லியோன் நகரில் அவர்களுடைய சொந்தத் தொழிற்சாலையிலிருந்து தொழிலாளர்கள் வெளியே வருவது. ஒரு நிமிடம்கூட ஓடாது. ஃபரோக்கி இந்த நூற்றாண்டு விழாவுக்குச் செய்த படத்தின் பெயரே ‘தொழிற்சாலையை விட்டு வெளியேறும் தொழிலாளர்கள்’. 36 நிமிடம். நூறு ஆண்டுகளின் படங்களிலிருந்து தொழிற்சாலை வாசல் காட்சிகளை மட்டும் பொறுக்கி எடுத்தார். ஃப்ரிட்ஸ் லாங்கின் ‘மெட்ரோபொலிஸ்’, சாப்ளின், அன்டோனியோனி, இவர்களோடு செய்திப்படங்களும் கம்பெனி விளம்பரங்களும்.

அடுக்கிப் பார்த்தபோது ஒரு உண்மை துலங்கியது. சினிமாவின் முதல் கேமரா தொழிற்சாலைக்கு எதிரில்தான் வைக்கப்பட்டது. ஆனால் அதன்பின் நூறாண்டுகளில் சினிமா அந்த வாசலைத் தாண்டி உள்ளே போனது மிகக் குறைவு. பெரும்பாலான கதைகள் வேலை நேரம் முடிந்த பிறகுதான் தொடங்குகின்றன. காதல், சண்டை, பாட்டு எல்லாமே வாசலுக்கு வெளியே. ஒரு மனிதர் தன் வாழ்நாளில் பாதியைக் கழிக்கும் இடம் திரையில் இல்லை. இதை ஒரு கட்டுரையிலும் எழுதியிருக்கலாம். ஆனால் வாசலுக்குப் பின் வாசலாக, கூட்டத்துக்குப் பின் கூட்டமாக நம் கண்ணெதிரே வரும்போது மறுக்க இடமில்லாமல் போகிறது. அந்தப் படங்களை எடுத்த எவருக்கும் தாங்கள் ஒரு நூற்றாண்டுப் பழக்கத்தின் பகுதி என்று தெரிந்திருக்காது.

வெஸ்டர்போர்க் சுருள்கள்

இப்போது ஃபரோக்கியின் மிகச் சிறந்த படமாக நான் கருதுவதற்கு வருகிறேன். 2007-இல், தென்கொரியாவின் ஜியோன்ஜு திரைப்பட விழாவின் திட்டத்துக்காகச் செய்தது. ‘ஆஃப்ஷூப்’ என்ற ஜெர்மன் தலைப்பை நாம் ‘தவணை’ என்று சொல்லிக்கொள்ளலாம். 40 நிமிடம். இசை இல்லை, வர்ணனை இல்லை, எந்த ஒலியும் இல்லை. பழைய கறுப்பு வெள்ளைக் காட்சிகளும் இடையிடையே ஃபரோக்கியின் எழுத்து அட்டைகளும் மட்டும்.

நெதர்லாந்தில் வெஸ்டர்போர்க் என்று ஒரு முகாம். ஜெர்மனியிலிருந்து தப்பி வந்த யூத அகதிகளுக்காக 1939-இல் டச்சு அரசு அமைத்தது. நாட்டைப் பிடித்த நாஜிகள் 1942-இல் அதைத் தங்கள் கையில் எடுத்துக்கொண்டு, கிழக்கே அனுப்புவதற்கு முன் ஆட்களை நிறுத்திவைக்கும் இடமாக ஆக்கினார்கள். 1942 ஜூலை முதல் 1944 செப்டம்பர் வரை ஏறத்தாழ ஒரு லட்சம் பேர் அங்கிருந்து ரயிலேற்றப்பட்டார்கள். பெரும்பாலும் ஆஷ்விட்ஸ், சோபிபோர் ஆகிய கொலைமுகாம்களுக்கு. ஆன் ஃபிராங்கும் இந்த முகாமிலிருந்து போனவர்தான்.

முகாமின் தளபதி ஆல்பர்ட் கெம்மெக்கர் 1944-இல் முகாமைப் பற்றி ஒரு படம் எடுக்கச் சொன்னார். எடுத்தவர் ருடால்ஃப் பிரெஸ்லவர். ஜெர்மனியிலிருந்து வந்த யூத நிழற்படக் கலைஞர். அதே முகாமின் கைதி. கைதிகள் பட்டறைகளில் வேலை செய்வது, நொறுங்கிய விமானங்களையும் பழைய பேட்டரிகளையும் பிரித்தெடுப்பது, வயலில் உழைப்பது, பல் மருத்துவமனை, நாடக மேடை, விளையாட்டு என்று எல்லாவற்றையும் 16 மி.மீ. ஃபிலிமில் எடுத்தார். முகாம் பயனுள்ளது, உற்பத்தி செய்கிறது, ஆகவே அதை மூட வேண்டாம் என்று மேலிடத்துக்குக் காட்டுவதே நோக்கம் என்று ஃபரோக்கி வாசிக்கிறார். தளபதிக்குத் தன் பதவி நிலைக்க வேண்டும். கைதிகளுக்கு முகாம் நிலைத்தால் உயிர் நிலைக்கும். படம் முடிவடையவில்லை. பிரெஸ்லவரும் அந்த இலையுதிர் காலத்தில் குடும்பத்தோடு அனுப்பப்பட்டார். அவர் திரும்பவில்லை.

அந்தச் சுருள்களில் ஒரு ரயில் புறப்படும் காட்சி இருக்கிறது. மேற்கு ஐரோப்பாவிலிருந்து யூதர்களை ஏற்றிச்சென்ற ரயில் அசையும் படமாக இவ்வளவு விரிவாகப் பதிவானது வேறெங்கும் இல்லை. அதனால் போருக்குப் பின் வந்த எத்தனையோ படங்கள் இந்தக் காட்சியைப் பயன்படுத்தின. அலென் ரெனேயின் ‘இரவும் மூடுபனியும்’ படத்திலும் இதைப் பார்க்கலாம். எல்லோரும் அதிலிருந்து சில நொடிகளை எடுத்துக்கொண்டார்கள். ஃபரோக்கி முழுவதையும் பார்த்தார்.

தளமேடையில் ஒரு நோயாளிப் பெண்ணைத் தள்ளுவண்டியில் கொண்டுவருகிறார்கள். அவருடைய கைப்பெட்டியில் பெயரும் பிறந்த தேதியும் எழுதியிருக்கிறது. அதைப் படித்து, பெயர்ப் பட்டியலோடு ஒப்பிட்டு, அந்த ரயில் புறப்பட்ட நாள் 1944 மே 19 என்று உறுதி செய்ய முடிந்திருக்கிறது. சரக்குப் பெட்டியின் பக்கத்தில் உள்ளே எத்தனை பேர் என்று சாக்பீஸால் எழுதியிருக்கிறார்கள். 74 என்ற எண்ணை 75 என்று திருத்தியிருக்கிறார்கள். ஃபரோக்கி காட்சியை அங்கே நிறுத்துகிறார். கடைசி நேரத்தில் ஓர் உயிர் கூடியிருக்கிறது என்பதை அந்தத் திருத்தம் சொல்கிறது. ஒளிப்பதிவாளர் அந்த எண்ணை எடுக்கவில்லை, பெட்டியை எடுத்தார், எண் அதில் இருந்தது.

அடுத்து ஒரு சிறுமியின் முகம். தலையைத் துணியால் மூடியிருக்கிறாள். கதவிடுக்கில் நின்று வெளியே பார்க்கிறாள். பல பத்தாண்டுகளாக இந்த முகம் யூதப் படுகொலையின் அடையாளமாக உலகெங்கும் அச்சிடப்பட்டது. பெயர் தெரியாது. 1994-இல் ஆட் வாகனார் என்ற டச்சுப் பத்திரிகையாளர் அவளை அடையாளம் கண்டார். செட்டெலா ஸ்டைன்பாக், சிந்தி எனப்படும் ரோமா இனத்துச் சிறுமி, வயது ஒன்பது. ஆஷ்விட்ஸில் கொல்லப்பட்டாள். ரோமா மக்களும் லட்சக்கணக்கில் அழிக்கப்பட்டார்கள் என்பதை உலகம் எவ்வளவு காலம் கவனிக்காமல் இருந்தது என்பதற்கு அந்த முகமே சாட்சியாகிவிட்டது. இந்தச் சுருள்களில் இதுபோன்ற அண்மைக் காட்சி இது ஒன்றுதான். அந்தக் கண்ணில் தெரிந்த அச்சம்தான் பிரெஸ்லவரை வேறு எவர் முகத்துக்கும் நெருங்க விடாமல் செய்திருக்கும் என்று ஃபரோக்கி கருதுகிறார். இதைத் தன் கருத்தாகவே எழுதுகிறார். தெரிந்த செய்தியாக எழுதவில்லை. இந்த நேர்மையை மாணவர்கள் குறித்துக்கொள்ள வேண்டும்.

மற்றொன்று. கைதிகள் தாங்களாகவே பெட்டிகளில் ஏறுகிறார்கள். தான் ஏறிய பெட்டியின் கதவை உள்ளிருந்து இழுத்துச் சாத்த ஒருவர் உதவுகிறார். சிலர் முகத்தில் புன்னகைகூட இருக்கிறது. முன்பு இந்தக் காட்சியைப் பயன்படுத்தியவர்கள் இவற்றைப் பெரும்பாலும் விட்டுவிட்டார்கள், நாம் அறிந்த கொடுமையோடு இவை பொருந்தவில்லை என்பதால். ஃபரோக்கி விடவில்லை. போகிற இடம் தெரியாதவர்களின் நம்பிக்கையும், கேமரா முன் நடந்துகொள்ள வேண்டிய கட்டாயமும் அந்த முகங்களில் கலந்திருக்கின்றன. அதைக் காட்டாமல் விட்டால் அவர்களை மனிதர்களாகக் காட்டவில்லை என்று ஆகிவிடும்.

பிறகு ஃபரோக்கி தான் முதலில் காட்டிய அதே காட்சிகளை மறுபடி காட்டுகிறார், வேறு அட்டைகளோடு. உழைத்துவிட்டுப் புல்லில் படுத்து ஓய்வெடுப்பவர்கள், முகாம்கள் விடுவிக்கப்பட்டபோது எடுத்த படங்களில் கிடக்கும் உடல்களை நினைவூட்டுகிறார்கள். பல் மருத்துவமனை, ஆஷ்விட்ஸில் பிடுங்கப்பட்ட தங்கப் பற்களை நினைவூட்டுகிறது. அவர் வேறு படத்தைக் கொண்டுவந்து ஒட்டவில்லை. ஒரு சடலத்தையும் காட்டவில்லை. நம் மனத்தில் ஏற்கெனவே இருக்கும் படங்களை இந்தக் காட்சிகளின்மேல் நாமே வைத்துப் பார்க்கும்படி செய்கிறார். அதோடு அந்தப் புல்லில் படுத்தவர்கள் அன்றைக்கு உண்மையிலேயே ஓய்வெடுத்தார்கள் என்பதையும் மறக்க விடுவதில்லை. இரண்டும் உண்மை. இரண்டையும் ஒருசேரப் பார்க்கக் கற்றுத் தருவதுதான் இந்தப் படம்.

கேட்காத கேள்வி

‘உலகின் படங்களும் போரின் பதிவும்’ என்ற 1988-ஆம் ஆண்டுப் படத்தில் எடுத்தவர் கவனிக்காதது படத்தில் பதிவாகியிருப்பதை ஃபரோக்கி வான்வழிப் படங்களில் காட்டியிருந்தார். 1944 ஏப்ரல் 4 அன்று, இத்தாலியிலிருந்து கிளம்பிய நேச நாட்டு வேவு விமானம் போலந்தின் மேல் பறந்து ஐ.ஜி. ஃபார்பன் கம்பெனியின் ரசாயனத் தொழிற்சாலையைப் படமெடுத்தது. இங்கிலாந்தில் ஆய்வாளர்கள் அந்தப் படங்களில் மின் நிலையத்தையும் ஆலைக் கட்டடங்களையும் குறித்தார்கள். பக்கத்திலேயே ஆஷ்விட்ஸ் முகாம் தெளிவாகப் பதிவாகியிருந்தது. அவர்கள் அதைக் குறிக்கவில்லை. தொழிற்சாலையைத் தேடச் சொல்லியிருந்தார்கள், தொழிற்சாலையைத் தேடினார்கள். முப்பது ஆண்டுகளுக்கும் மேல் கழிந்த பிறகு, சி.ஐ.ஏ. ஊழியர்கள் இருவர் அந்த வான்படங்களை மறுபடி எடுத்துப் பார்த்து, முகாமின் கட்டடங்களை ஒவ்வொன்றாக அடையாளம் கண்டு 1979-இல் வெளியிட்டார்கள். படம் காப்பகத்தில் இருந்தால் மட்டும் போதாது. அதனிடம் கேட்க வேண்டிய கேள்வியோடு ஒருவர் வர வேண்டும்.

ருமேனியத் திரைப்படக்காரர் ஆந்த்ரே உஜிகாவோடு சேர்ந்து ஃபரோக்கி 1992-இல் செய்த ‘ஒரு புரட்சியின் வீடியோகிராம்கள்’ ருமேனியாவின் 1989 டிசம்பர் புரட்சியைப் பற்றியது. நூறு மணி நேரத்துக்கும் மேற்பட்ட வீடியோக்களைத் திரட்டினார்கள். தொலைக்காட்சி நிலையத்தின் பதிவுகளோடு, தங்கள் ஜன்னலிலிருந்தும் தெருவிலிருந்தும் சாதாரண மக்கள் எடுத்தவையும் அதில் இருந்தன. டிசம்பர் 21 அன்று புக்கரெஸ்டில் நாட்டின் ஆட்சித் தலைவர் சௌசெஸ்கு மேல்மாடத்தில் நின்று பேசிக்கொண்டிருக்கிறார். கூட்டத்தில் கூச்சல் எழுகிறது. பேச்சு தடுமாறுகிறது. நேரடி ஒளிபரப்பு துண்டிக்கப்படுகிறது. கேமராக்காரர் கேமராவைக் கூட்டத்தின் பக்கம் திருப்பாமல் வானத்தின் பக்கம் திருப்புகிறார். வீட்டில் பார்த்துக்கொண்டிருந்தவர்களுக்கு அதுவும் போய்ச்சேரவில்லை. ஆனால் பதிவு வண்டியில் டேப் ஓடிக்கொண்டே இருந்தது. ஒளிபரப்பானதையும் ஆகாததையும் ஃபரோக்கியும் உஜிகாவும் அருகருகே வைக்கிறார்கள். ஓர் ஆட்சி ஆட்டம் காண்கிற அந்த நொடியில் எதைக் காட்டக் கூடாது என்று அதற்குத் தோன்றியது என்பதையும் நாம் பார்த்துவிடுகிறோம்.

சேர்ப்பதும் சேர்க்காததும்

பழைய படங்களுக்கு நிறமூட்டி, ஒலி சேர்த்து, வேகத்தைச் சரிசெய்து தருவது இன்று பெருகியிருக்கிறது. பீட்டர் ஜாக்சன் 2018-இல் லண்டன் இம்பீரியல் போர் அருங்காட்சியகத்தின் முதல் உலகப்போர்ச் சுருள்களைக் கொண்டு ‘அவர்கள் முதுமை அடைய மாட்டார்கள்’ என்ற படத்தைச் செய்தார். வீரர்களின் உதட்டசைவைப் படிக்கத் தெரிந்தவர்களைக் கொண்டு பேச்சைக் கண்டுபிடித்து, நடிகர்களைக் குரல் கொடுக்க வைத்தார். பதுங்குகுழியில் இருந்த இளைஞர்கள் நம் பக்கத்து வீட்டுப் பையன்களாகத் தெரிந்தார்கள். அது பெரிய உழைப்பு, அன்பான உழைப்பு. பல லட்சம் பேரைப் பழைய சுருள்களின் பக்கம் அழைத்துவந்தது.

ஆனாலும் நான் ஃபரோக்கியின் பக்கமே நிற்கிறேன். வெஸ்டர்போர்க் காட்சிகளுக்கு ரயில் சத்தத்தைச் சேர்த்திருந்தால் நாம் சத்தத்தைக் கேட்டுக் கலங்கியிருப்போம். சாக்பீஸ் எண்ணைப் பார்த்திருக்க மாட்டோம். சோக இசை எதை உணர வேண்டும் என்று முன்கூட்டியே சொல்லிவிடும். அந்தக் கைதிகளில் பெரும்பாலோர் கொல்லப்பட்டவர்கள். அவர்கள் இல்லாத இடத்தில் அவர்கள் சார்பாக ஒலியை உண்டாக்க நமக்கு என்ன உரிமை? இருப்பதை இருப்பதாகவும், ஊகத்தை ஊகமாகவும் வைப்பது இறந்தவர்களுக்கு நாம் செலுத்தும் குறைந்தபட்ச மரியாதை. செயற்கை நுண்ணறிவால் நடக்காத காட்சியைக்கூட நடந்ததுபோல் உருவாக்க முடிகிற இந்தக் காலத்தில் இந்த ஒழுக்கம் முன்பைவிட அவசியமாகிறது.

நாம் காக்க வேண்டியது

நான் சொன்ன படங்களில் ஒரு பொதுத்தன்மையை நீங்கள் கவனித்திருப்பீர்கள். ‘தவணை’ சாத்தியமானது வெஸ்டர்போர்க் படம் முடிவடையாததால். கெம்மெக்கர் விரும்பியபடி தொகுத்து முடித்திருந்தால் கைப்பெட்டியில் எழுதிய பெயரும் திருத்திய எண்ணும் வெட்டப்பட்ட துண்டுகளோடு போயிருக்கலாம். ருமேனியப் படத்துக்கு உயிர் கொடுத்தது ஒளிபரப்பாகாத பதிவு. வான்படத்தில் முக்கியமாக இருந்தது ஆய்வாளர்கள் விட்டுவிட்ட மூலை. ஆக, இந்தக் கலைஞர்களுக்கு வேண்டியது முடிந்த படங்கள் மட்டும் அல்ல. மிச்சமும் கழிவும் வேண்டும்.

நம் நிலைமையை இந்த வெளிச்சத்தில் பார்ப்போம். தென்னிந்தியாவின் முதல் மௌனக் கதைப்படமான ஆர். நடராஜ முதலியாரின் ‘கீசக வதம்’ படத்துக்கு இன்று பிரதியே இல்லை. செட்டியாரின் காந்தி படம் பல பத்தாண்டுகள் கண்ணில் படாமல் கிடந்து, வரலாற்றாய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதியின் தேடலில், 1953-இல் அமெரிக்காவில் வெளியான அதன் சுருக்கமான ஆங்கில வடிவம் சான் ஃபிரான்சிஸ்கோவின் ஒரு பல்கலைக்கழகத்தில் கிடைத்தது. லட்சம் மைல் அலைந்து திரட்டியவருக்கு நாம் செய்த கைம்மாறு இது. முடிந்த படங்களுக்கே இந்தக் கதி என்றால் துண்டுகளை யார் கேட்பார்கள்? மாவட்டச் செய்தியாளர்களின் டேப்புகள், ஸ்டுடியோக்காரர்களின் எடிட் செய்யாத கல்யாண வீடியோக்கள், சங்கங்களும் கட்சிகளும் தங்கள் கூட்டங்களை எடுத்த கேசட்டுகள் எல்லாம் பூஞ்சை பிடித்துக்கொண்டிருக்கின்றன. ஒரு தெரு எப்படி இருந்தது, பந்தியில் யார் எங்கே உட்கார்ந்தார்கள், யார் பரிமாறினார்கள், யார் வாசலோடு நின்றார்கள் என்பதெல்லாம் எடுத்தவர் நினைக்காமலேயே அவற்றில் பதிவாகியிருக்கும். நம் சமூக வரலாற்றை எழுதப் போகிறவர்களுக்கு மாப்பிள்ளை, பெண்ணின் முகத்தைவிட அந்த ஓரங்கள்தான் தேவைப்படும்.

மாணவர்களிடம் ஒரு வேண்டுகோள். உங்கள் ஊரில் ஒரு ஸ்டுடியோவைத் தேடிப்போங்கள். அவர்கள் தூக்கிப்போட நினைக்கும் டேப்புகளைக் கேட்டு வாங்குங்கள். வாங்கியவுடன் எடுத்த நாள், இடம், எடுத்தவர் பெயர் ஆகியவற்றை எழுதி ஒட்டுங்கள். தேதி இல்லாத சுருளைக் கொண்டு எதையும் நிறுவ முடியாது. அதில் உள்ள மனிதர்களின் சம்மதமும் கண்ணியமும் முக்கியம் என்பதை மறக்காதீர்கள். கல்லூரி நிர்வாகத்திடம் என் வேண்டுகோள், ஒரு அறையை இதற்காக ஒதுக்குங்கள். ஈரப்பதம் கட்டுப்படுத்திய ஓர் அறையும், பழைய டேப்பை ஓட்டும் இயந்திரங்களும், பதிவேடு எழுத ஒருவரும் இருந்தால் தொடங்கிவிடலாம்.

பிறர் எடுத்ததை வெட்டி ஒட்டுகிறவர் எப்படிப் படைப்பாளி ஆவார் என்ற கேள்வியோடு தொடங்கினேன். அறுபது ஆண்டுகளாக உலகம் பார்த்துக்கொண்டிருந்த ஒரு காட்சியில், எழுபத்து நான்கு பேரோடு சேர்க்கப்பட்ட எழுபத்தைந்தாவது மனிதர் ஒருவர் இருக்கிறார் என்று நம்மை நிறுத்திக் காட்டினாரே, அதுதான் ஃபரோக்கியின் படைப்பு. அப்படிப் பார்க்கும் கண் எந்தத் தலைமுறையிலும் தோன்றலாம். அது தோன்றும்போது பார்ப்பதற்குச் சுருள் இருக்க வேண்டும். அந்தப் பொறுப்பு இந்தத் தலைமுறையினுடையது.